கல்லும் தோலும் உள்ளே, கை வெளியே: 'இசைக்கல்' என்னும் புனைவு குறித்து

1

இசைக்கல் என்று தனியாக ஒரு கல்சாதி உண்டு என்று நம்பித்தான் நான் வளர்ந்தேன். பள்ளிச் சுற்றுலாவில் திருநெல்வேலி போயிருந்தோம். நெல்லையப்பர் கோயில் மணிமண்டபத்தில் ஒரு பெரிய தூண், அதைச் சுற்றி ஒரே கல்லில் குடைந்தெடுத்த 48 சிறு தூண்கள். வழிகாட்டியாக வந்தவர் விரல் முட்டியால் ஒவ்வொன்றாகத் தட்டிக் காட்டினார். "ஏ பிள்ளைகளா, இது சாதாக் கல்லு இல்ல. சங்கீதக் கல்லு. இது வெளஞ்ச மலை இப்ப உலகத்துலயே கிடையாது" என்றார். நாங்கள் வாயைப் பிளந்து கேட்டோம்.

திருவண்ணாமலைக்குத் திரும்பிய மறுவாரமே ஆயிரங்கால் மண்டபத்திற்குப் போய், ஒரு ரூபாய்க் காசை வைத்துக்கொண்டு கைக்கு எட்டிய தூண்களையெல்லாம் தட்டிப் பார்த்தேன். எல்லாம் 'டொக்' என்றுதான் சொன்னது. காவலாளி வந்து விரட்டினார். நம்மூர்க் கல் ஊமைக் கல் என்று முடிவு கட்டிக்கொண்டு வீடு திரும்பினேன். அந்த முடிவு எவ்வளவு தப்பு என்று புரிய இருபது வருஷத்துக்கு மேல் ஆயிற்று. தமிழ் எம்.ஏ. படித்தும் புரியவில்லை. படித்ததால்தான் தாமதமாயிற்றோ என்றுகூட இப்போது தோன்றுகிறது.

ஒலியையே உள்ளடக்கமாகக் கொண்ட ஒரு பொருள், அதை அடுக்கினால் கட்டடம், தட்டினால் சங்கீதம். இந்தக் கற்பனை நம்முடையது மட்டுமில்லை. கிரேக்கப் புராணத்தில் தீப்ஸ் நகரத்துக்கு மதில் எழுப்பிய ஆம்ஃபியோன் யாழை மீட்டினான், கற்கள் தாமாகவே நகர்ந்து வந்து அடுக்கிக்கொண்டன. நம் மரபில் அகத்தியர் இசைத்தபோது பொதிகைப் பாறை உருகியது, இராவணன் தோற்றான். நம் காலத்துக்கு வந்தால், 1977இல் அச்சான டோல்கீனின் 'சில்மரில்லியன்' நூலில் உலகமே ஒரு கூட்டிசையிலிருந்து உண்டாகிறது. கட்டடக்கலையை உறைந்துபோன இசை என்று ஜெர்மானியக் கவி கதே சொன்னதாக நம் கலை விமர்சகர்கள் சலிக்காமல் எழுதுகிறார்கள்.

இந்தக் கதைகளை அழகியல் வியப்போடு வாசித்துவிட்டுப் போய்விடலாம். நான் அப்படி வாசிக்க மறுக்கிறேன். ஆம்ஃபியோன் கதையில் பலரும் சொல்லாமல் விட்டுவிடுகிற ஓர் ஆள் இருக்கிறான். அவனுடைய சகோதரன் ஸீதஸ். அதே மதிலுக்கு அவன் கல்லைத் தோளில் சுமந்து கொண்டுவந்தான். யாழ் மீட்டியவன் பெயர் நின்றது. கல் சுமந்தவன் அடிக்குறிப்பானான். கல் தானாக நகர்ந்தது என்று சொல்வதற்கு, அதைச் சுமந்தவனை முதலில் கதையிலிருந்து நகர்த்த வேண்டியிருக்கிறது.

'இசைக்கல்' என்ற புனைவும் இதே வேலையைத்தான் நம் கோயில்களில் செய்கிறது என்பது என் வாதம். மார்க்ஸ் 1867இல் 'மூலதனம்' முதல் பாகத்தில் சரக்கின் மாயையைப் பற்றி எழுதினார். மனித உழைப்பிலிருந்தும் உறவிலிருந்தும் பிறந்த ஒரு குணம், அந்தப் பொருளுக்கே இயற்கையாய் அமைந்த குணம்போலக் காட்சி தருகிறது என்பது அதன் சாரம். ஆலைச் சரக்கை வைத்து அவர் சொன்னது, நம்மூர்த் தூணுக்கும் பொருந்துகிறது.

2

முதலில் அந்தக் கல்லையே பார்ப்போம்.

தட்டினால் ஒலிக்கும் தூண்கள் தென்னாட்டுக் கோயில்கள் பலவற்றில் உள்ளன. மதுரை மீனாட்சியம்மன் கோயிலில் வடக்குக் கோபுரத்தை ஒட்டி அய்ந்து தூண்கள், ஒவ்வொன்றிலும் 22 சிறு தூண்கள். சுசீந்திரம் தாணுமாலயன் கோயில் அலங்கார மண்டபத்தில் நான்கு. ஹம்பியில் விட்டலர் கோயில் மகாமண்டபம் முழுக்க இப்படிப்பட்ட தூண்கள். ஆழ்வார்திருநகரியிலும் கும்பகோணம் கும்பேசுவரர் கோயிலிலும் கல்லில் செய்த நாதசுரமே இருக்கிறது.

ஹம்பி வழிகாட்டிகள் ஒரு கதை சொல்வார்கள். வெள்ளைக்காரன் இரண்டு தூண்களை வெட்டி உள்ளே என்ன இருக்கிறது என்று பார்த்தானாம், ஒன்றும் இல்லையாம். நடந்ததோ இல்லையோ, கதை சுவாரசியமானது. காலனியவாதி ரகசியத்தைப் பொருளுக்குள்ளே தேடினான் என்று சொல்லிச் சிரிக்கிற நாமும் பொருளுக்குள்ளேதான் தேடிக்கொண்டிருக்கிறோம். உள்ளே பொள்ளலாம், பாதரசம் ஊற்றியிருக்கிறதாம், ஏழு உலோகம் கலந்த கல்லாம் என்று எத்தனை விதமாகக் கேட்டிருப்போம்!

கல்பாக்கம் இந்திரா காந்தி அணு ஆராய்ச்சி மைய விஞ்ஞானிகள் இந்தத் தூண்களை வெட்டாமல் கொள்ளாமல் சோதித்தார்கள். அணு உலைப் பாகங்களில் விரிசல் இருக்கிறதா என்று பார்க்கிற அதே வகை நுட்பங்களை ஹம்பித் தூண்களிடம் கொண்டுபோனார்கள். 2008இல் அமெரிக்க ஒலியியல் கழகத்தின் ஆய்விதழில் முடிவு வெளியானது. தூண்கள் கெட்டியானவை. உள்ளே பொள்ளல் கிடையாது. தட்டும்போது தூண் வளைந்து அதிர்கிறது, அந்த அதிர்வுதான் ஒலி.

இதன் பொருள் எளிமையானது. இரண்டு முனையும் பிடித்துவைத்த ஒரு கம்பி எந்தச் சுருதியில் அதிரும் என்பதை அதன் தடிப்பும் நீளமும் பெருமளவுக்குத் தீர்மானிக்கின்றன. தடிப்பு இரு மடங்கானால் அதிர்வெண் இரு மடங்காகும். நீளம் பாதியானால் அதிர்வெண் நான்கு மடங்காகும், அதாவது இரண்டு ஸ்தாயி மேலே போகும். கருங்கல் நன்றாக இறுகி, விரிசல் இல்லாமல் இருந்தால் போதும். மற்றதெல்லாம் உளியின் வேலை. எந்த இடத்தில் எவ்வளவு மெலிய வேண்டும், அடியும் தலையும் எங்கே கெட்டியாக நிற்க வேண்டும், எப்போது நிறுத்த வேண்டும் என்பதுதான் விஷயம். நிறுத்தத் தெரிவது முக்கியம். மரமானால் ஒட்டுப் போடலாம், மண்ணானால் பூசலாம். கல்லில் ஒரு சிம்பு கூடுதலாகப் போனால் போனதுதான். 48 தூண்களில் 47 முடிந்து கடைசியில் ஒன்று உடைந்தால் மொத்தக் கல்லும் பாழ்.

ஆக நெல்லையப்பர் கோயில் கல்லும் எங்கள் ஆயிரங்கால் மண்டபத்துக் கல்லும் வேறு வேறு உலகத்துப் பொருட்கள் இல்லை. எங்கள் தூண் பருமனாக இருக்கிறது, தலையில் பாரம் சுமந்து நிற்கிறது, அதனால் 'டொக்' என்கிறது. அதற்கு வேறு வேலை கொடுத்திருக்கிறார்கள், அவ்வளவுதான். ஊமைக் கல் என்று நான் திட்டியதற்கு அந்தத் தூணிடம் மன்னிப்புக் கேட்க வேண்டும்.

இசைக்கல் என்று ஒரு பொருள் இல்லை என்றாகிவிட்டது. அப்படியானால் இசைத்தது யார்?

3

செங்கம் பக்கம் ஒரு கல்லுமலை. அதன் அடிவாரத்தில் ஒரு பெரியவர் இருந்தார். போயர் சமூகம், வீட்டில் தெலுங்கு பேசுவார்கள். சின்ன வயதிலிருந்தே சம்மட்டி பிடித்தவர். சில வருஷங்களுக்கு முன் ஒரு நண்பரோடு அவரைப் பார்க்கப் போனேன். ஒரு பாறைத் துண்டைக் காட்டி, "இது நல்ல கல்லுன்னு எப்படித் தெரியும் தாத்தா?" என்று கேட்டேன். கையிலிருந்த சுத்தியால் ரெண்டு தட்டுத் தட்டினார்.

"கேட்டியா தம்பி? மணியாட்டம் வருது பாரு. இது உசுருள்ள கல்லு. இந்தாண்ட கேளு, பொத்துன்னு விழுது. உள்ள கீறல் ஓடுது. இத எடுத்துப் போயி செதுக்குனா பாதியில வாயப் பொளந்துடும்."

எனக்கு இரண்டுக்கும் வித்தியாசம் சரியாகப் பிடிபடவில்லை. அவர் சிரித்தார். "புக்குல இருக்காதுப்பா அது."

புத்தகத்தில் இருக்கத்தான் செய்கிறது, வேறு வேஷத்தில். மயமதம் முதலான சிற்ப நூல்கள் கல்லைத் தட்டிப் பார்த்து மூன்றாகப் பிரிக்கின்றன. மணிபோல் ஒலித்தால் ஆண்கல். கஞ்சதாளம்போல் ஒலித்தால் பெண்கல். ஒலியே எழவில்லையென்றால் அலிக்கல். ஆண்கல்லில் லிங்கமும் ஆண் தெய்வமும், பெண்கல்லில் பீடமும் அம்மனும், அலிக்கல் அடியில் பாதசிலைக்கு. (அலி என்ற சொல்லை இன்று மனிதர்மீது எறிய நமக்கு உரிமையில்லை. நூல் வழக்கு என்பதால் மட்டும் இங்கே வருகிறது.)

இந்தப் பிரதியைக் கொஞ்சம் மெதுவாக வாசிக்க வேண்டும். மலையடிவாரத்தில் அந்தப் பெரியவர் செய்தது விரிசல் சோதனை. விரிசல் அதிர்வைத் தின்றுவிடும், அதனால் ஒலி மங்கும். கல்பாக்கம் விஞ்ஞானிகள் கருவி வைத்துச் செய்ததை இவர் காதை வைத்துச் செய்கிறார். அந்த அறிவு வடமொழி நூலுக்குள் நுழையும்போது பால் அடுக்காக மாறுகிறது. ஆண் மேலே, பெண் அதற்குப் பீடம், எதிலும் சேராதது கண்ணில் படாமல் அடியிலே. தொழிலறிவாக இருந்தது மேல் கீழ் பார்க்கும் சொல்லாடலாகிவிட்டது. கேட்ட காது யாருடையது என்ற கேள்விக்கு மட்டும் அந்த நூலில் இடமில்லை.

பாறையைப் பெயர்ப்பதிலும் காதுதான் முன்னால் நிற்கிறது. பாறைமேல் விறகைக் கோடுபோல அடுக்கித் தீமூட்டி, சூட்டில் மேலடுக்குப் பலகைபோலக் கிளம்புவதைப் பெயர்த்தெடுக்கும் முறை தென்னிந்தியாவில் இருந்தது. பெங்களூர்ப் பக்கம் இப்படிப் பாறை எடுத்ததைப் பற்றி 1895இல் 'நேச்சர்' இதழில் ஒரு குறிப்பு வந்தது. அடுக்கு விட்டுவிட்டதா, தீயை இன்னும் முன்னால் தள்ளலாமா என்பதைச் சுத்தியால் தட்டி, ஓசை மாறுவதைக் கேட்டுத்தான் தீர்மானித்தார்கள். அக்கினித் தலம் என்று நாம் கொண்டாடுகிற ஊரில் உட்கார்ந்து இதை எழுதும்போது எனக்கு ஒன்று தோன்றுகிறது. தீயை வழிபடத் தெரிந்த நமக்கு, தீயை வைத்துக் கல்லெடுத்தவர்கள் ஞாபகத்தில் இல்லை. எங்கள் ராஜகோபுரம் 217 அடி, பதினொரு நிலை. கிருஷ்ணதேவராயர் தொடங்கினார், தஞ்சைச் செவ்வப்ப நாயக்கர் காலத்தில் முடிந்தது என்று தல வரலாறு படித்த பிள்ளைகள் ஒப்பிப்பார்கள். தட்டிப் பார்த்துக் கல் தேர்ந்த ஒரு காதின் பெயர் அதில் வராது.

4

இங்கே ஒரு நண்பர் குறுக்கிட்டார். இந்தக் கருத்துகளை ஒரு சின்னக் கூட்டத்தில் பேசியபோது அவர் சொன்னது: "உழைச்சவன் பேரு எந்த நாட்டுக் கட்டடத்துலயும் இல்ல. பிரமிடுல இருக்கா? இதுல போய்ச் சாதியைக் கொண்டாந்து ஏன் மாட்டுறே?"

நியாயமான கேள்வி. பதில் கல்லில் வெட்டப்பட்டே இருக்கிறது. கரூர்ப் பசுபதீசுவரர் கோயிலில் கோனேரின்மைகொண்டான் பெயரில் ஒரு கல்வெட்டு. வெங்கால நாட்டுக் கம்மாளர்களுக்கு அரசன் சில உரிமைகள் கொடுக்கிறான். நல்லதுக்கும் கெட்டதுக்கும் இரட்டைச் சங்கு ஊதிக்கொள்ளலாம், பேரிகை கொட்டிக்கொள்ளலாம். வெளியே போகும்போது செருப்புப் போட்டுக்கொள்ளலாம். வீட்டுச் சுவருக்குச் சாந்து பூசிக்கொள்ளலாம்.

இதை நான் முதலில் படித்த அன்று வெகுநேரம் புத்தகத்தை மூடாமல் உட்கார்ந்திருந்தேன். கல்தச்சரும் மரத்தச்சரும் கொல்லரும் சேர்ந்தவர்கள் கம்மாளர். கோயிலைக் கட்டிய கை, தன் வீட்டுச் சுவருக்குச் சாந்து பூச அரசனிடம் அனுமதி வாங்க வேண்டியிருந்திருக்கிறது. கோயில் மணியை வார்த்த கை, தன் வீட்டுக் கல்யாணத்தில் ஒரு பேரிகைச் சத்தம் கேட்க ஆணை பெற வேண்டியிருந்திருக்கிறது. இசையும் கட்டடமும் ஒரே கல்வெட்டில், சாதி உரிமையாக, பக்கத்தில் பக்கத்தில் வந்து நிற்கின்றன. பிரெஞ்சு அறிஞர் ழாக் அத்தாலி 1977இல் எழுதிய 'இரைச்சல்' நூலில், எது இசை, எது இரைச்சல் என்று பிரிப்பது அதிகாரத்தின் காரியம் என்று வாதிட்டார். கரூர்க் கல்வெட்டைப் பார்த்திருந்தால் அவருக்குத் தனியாக ஓர் அத்தியாயமே கிடைத்திருக்கும்.

கம்மாளருக்கு அரசாணையாவது கிடைத்தது. அவர்களுக்கும் கீழே வைக்கப்பட்டவர்களுக்கு? அங்கே கல்லை விட்டுவிட்டுத் தோலுக்கு வர வேண்டும்.

5

பன்னிரண்டாம் நூற்றாண்டில் சேக்கிழார் எழுதிய பெரியபுராணத்தில் திருநாளைப்போவார், நாம் நந்தன் என்று சொல்கிறவர், கோயில்களுக்கு என்ன செய்தார்? பேரிகை முதலான கருவிகளுக்குப் போர்வைத் தோலும் வாரும் கொடுத்தார். வீணைக்கும் யாழுக்கும் நரம்பு கொடுத்தார். பூசைக்குக் கோரோசனை கொடுத்தார். கொடுத்துவிட்டு வாசலுக்கு வெளியே நின்றார். திருப்புன்கூரில் அவர் பார்ப்பதற்காக நந்தி விலகிக்கொண்டது என்று உருகுகிறோமே, அவர் கொடுத்த தோல் அதற்கு முன்பே உள்ளே போய்விட்டது என்பதை யாராவது கவனித்தோமா? தோல் கருவறைக்கு முன்னால் முழங்குகிறது. தோலை உரித்துப் பதப்படுத்தி, வாரிழுத்துக் கட்டிய கை வெளியே நிற்கிறது. பொருளுக்குத் தீட்டில்லை, கைக்குத் தீட்டு.

கொஞ்சம் யோசித்தால் கல்லும் தோலும் இரண்டு எதிரெதிர்த் தந்திரங்கள் என்று தெரியும். கல்லில் பொருளைத் தூக்கிவைக்கிறார்கள்: சங்கீதக் கல், தெய்வாம்சம், கிடைக்காத கல். அந்த உயரத்தில் செதுக்கிய கை மறைந்துபோகிறது. தோலில் பொருளைக் கீழே தள்ளுகிறார்கள்: செத்த மாடு, நாற்றம், தீட்டு. அந்தக் கீழ்மையைக் கைமேல் பூசி அதையும் மறைக்கிறார்கள். ஒன்றில் புகழ்ந்து மறைப்பு, மற்றதில் இகழ்ந்து மறைப்பு. இரண்டிலும் ஒலி பொருளிலிருந்து தானாக வந்ததாகிவிடுகிறது.

கல்லும் தோலும் சந்திக்கிற ஓர் இடமும் உண்டு. மிருதங்கத்தின் வலந்தலையில் கறுப்பாக வட்டமாக இருக்கிறதே, கரணை என்றும் சோறு என்றும் சொல்வார்கள், அது கிட்டான் கல்லை இடித்துத் தூளாக்கிச் சோற்றோடு பிசைந்து, அடுக்கடுக்காகத் தேய்த்து ஏற்றுவது. வெறும் தோலைத் தட்டினால் சுருதி சேராத இரைச்சல்தான் வரும். நடுவில் இந்தப் பாரம் ஏறியதும் தோலின் அதிர்வுகள் ஒன்றுக்கொன்று இசைந்து வருகின்றன. இதை 1920இல் 'நேச்சர்' இதழில் விளக்கியவர் சி.வி. இராமன். மகத்தான கண்டுபிடிப்பு, சந்தேகமில்லை. இரண்டு வருஷம் கழித்து, 1922இல், அவர் எழுதிய கட்டுரையின் தலைப்பு 'பண்டை இந்துக்களின் ஒலியியல் அறிவு' என்ற பொருளில் அமைந்தது. அறிவு 'பண்டைய' காலத்துக்கும் 'இந்துக்கள்' என்ற பொதுப்பெயருக்கும் போய்ச் சேர்ந்துவிட்டது. அதே 1922இலும் ஏதோ ஒரு தெருவில் உட்கார்ந்து, தட்டித் தட்டிக் காதால் கேட்டுக் கரணை ஏற்றிக்கொண்டிருந்த கைவினைஞர் அந்தத் தலைப்புக்குள் வரவில்லை.

அவரைத் தலைப்புக்குக் கொண்டுவர 2020 வரை காத்திருக்க வேண்டியிருந்தது. டி.எம். கிருஷ்ணாவின் 'செபாஸ்டியன் அண்ட் சன்ஸ்' மிருதங்கம் செய்கிற தலித் கிறித்தவக் குடும்பங்களின் வரலாற்றைச் சொன்னது. பசுத்தோல் இல்லாமல் மிருதங்கம் இல்லை, அந்தத் தோலைத் தொடுகிற கை இல்லாமல் கர்நாடக சங்கீத மேடை இல்லை என்பதை அது வெளிப்படையாகப் பேசியது. வெளியீட்டு விழாவுக்கு இடம் தருவதாக ஒப்புக்கொண்டிருந்த கலாக்ஷேத்ரா பிறகு அனுமதியைத் திரும்பப் பெற்றது. விழா வேறோர் இடத்தில் நடந்தது. நந்தன் காலத்துக் கதவு எங்கே போய்விட்டது என்று கேட்பவர்களுக்கு இது போதும்.

6

செய்தவர் யார் என்று இதுவரை பார்த்தோம். கேட்டவர் யார்?

சுசீந்திரத்துத் தூண்கள் எத்தனையோ தலைமுறையாக ஒலித்தன. யார் காதில்? அந்தக் கோயிலைச் சுற்றியுள்ள தெருவில்கூட ஒடுக்கப்பட்ட சாதியார் நடக்கக் கூடாது என்றிருந்தது. 1926இல் சத்தியாகிரகம் நடந்தது. திருவிதாங்கூர் ஆலயப் பிரவேசப் பிரகடனம் வந்தது 1936 நவம்பர் 12இல். அதுவரைக்கும் அந்தக் கல் பாடியது எத்தனையோ பேருக்குக் கேட்கவே இல்லை. மதுரையில் 1939 ஜூலை 8இல் வைத்தியநாதய்யர் தலைமையில் ஒடுக்கப்பட்ட சாதியார் அய்ந்து பேரும் நாடார் ஒருவரும் மீனாட்சி கோயிலுக்குள் போனார்கள். வடக்குக் கோபுரத்து அய்ந்து தூண்களைத் தட்டிப் பார்க்கும் உரிமைக்கு அன்றைக்குத்தான் பிள்ளையார்சுழி.

காதுக்கும் அதிகாரத்துக்கும் உள்ள உறவு நமக்குப் புதிதில்லை. வேதத்தைக் கேட்ட சூத்திரன் காதில் உருக்கிய ஈயத்தையோ அரக்கையோ ஊற்றச் சொல்கிறது கௌதம தரும சூத்திரம். எங்கள் ஊர் அருணகிரிநாதர் கதையிலும் காது வருகிறது. வாதில் தோற்ற புலவர்களின் காதை அறுக்கும் வில்லிபுத்தூராரை, தகர வருக்கத்தாலேயே அமைந்த ஓர் அந்தாதிச் செய்யுளைச் சொல்லி அருணகிரியார் வென்றார் என்பது அய்தீகம். வென்றும் அவர் காதை அறுக்கவில்லை, அறுக்கும் வழக்கத்தையே நிறுத்தச் செய்தார். ஒலியை மட்டுமே செங்கல்லாக வைத்துச் சந்தத்தில் கட்டடம் எழுப்பியவர் மேல் இந்தக் கதை ஏறியிருப்பது தற்செயலாக எனக்குப் படவில்லை. யார் காது யாருக்குச் சொந்தம் என்ற பிரச்சினையை மக்கள் அவர் பேரில் பேசிப் பார்த்திருக்கிறார்கள்.

இதெல்லாம் பழங்கதை என்று மூடிவைக்க முடியாது. இதே திருவண்ணாமலை மாவட்டத்தில், தென்முடியனூர் முத்துமாரியம்மன் கோயிலுக்குள் தலித் மக்கள் முதன்முதலாகப் போனது 2023 ஜனவரி 30இல். மாவட்ட நிர்வாகமும் போலீசும் கூட வந்தன. எண்பது வருஷமாக அடைத்த வாசல் அது. அங்கே இசைத்தூண் எதுவும் பிரச்சினையில்லை. ஒரு சாதாரண மணி அடிக்கிற சத்தத்தைச் சந்நிதியில் நின்று கேட்கிற உரிமைதான் பிரச்சினை.

7

என் பக்கத்துக் குற்றத்தையும் சொல்லித்தான் ஆகணும். எம்.ஏ. வகுப்பில் சிலப்பதிகார அரங்கேற்று காதையை மனப்பாடமாகப் படித்தேன். அரங்கம் ஏழு கோல் அகலம், எட்டுக் கோல் நீளம், ஒரு கோல் உயரம், ஒரு கோலுக்கு 24 விரல் என்று கேட்ட மாத்திரத்தில் சொல்வேன். ஆடலாசிரியன், இசையாசிரியன், தண்ணுமை முதல்வன், குழலோன், யாழாசிரியன் இலக்கணங்களை வரிசையாக எழுதி நல்ல மதிப்பெண்ணும் வாங்கினேன். தண்ணுமைக்குத் தோல் போர்த்தியது யார், அந்த மூங்கிலை மலையிலிருந்து சுமந்து வந்தது யார் என்று நானும் கேட்கவில்லை, வகுப்பில் யாரும் கேட்கவில்லை. சுற்றுலாவில் அந்த வழிகாட்டி சொன்ன 'சங்கீதக் கல்லு'க்கும் நான் பெற்ற பட்டத்துக்கும் பெரிய தூரமில்லை.

கையை மறைக்கும் இந்த வேலை இப்போது அதன் கடைசிக் கட்டத்துக்கு வந்திருக்கிறது. பல கோயில்களில் மின்சார மேளத்தைப் பார்த்திருப்பீர்கள். சுவிட்சைப் போட்டால் மோட்டார் சுழலும், ஒரு கம்பி முரசைத் தட்டும், இன்னொன்று மணியை அடிக்கும். பலவற்றில் தோலுக்குப் பதில் பிளாஸ்டிக். தோலும் வேண்டாம், கையும் வேண்டாம், கூலியும் வேண்டாம், வாசலில் யாரும் நிற்கவும் வேண்டாம். ஆம்ஃபியோன் கனவு நனவாகிவிட்டது, மாதாமாதம் கரண்டு பில் கட்டினால் போதும்.

ஆனால் இந்த இடத்தில் ஒப்பாரி வைக்கவும் எனக்கு மனமில்லை. அடிக்கச் சொன்னபோது பறையடிக்க மறுத்ததும் ஓர் அரசியல். தென்னார்க்காட்டில் இளையபெருமாள் அதற்காகப் போராடினார். பின்னால் 1990களில் அதே பறையைக் கலை மேடைக்கும் போராட்ட ஊர்வலத்துக்கும் எடுத்து வந்ததும் அரசியல். இரண்டிலும் கை தன்னைக் காட்டிக்கொண்டது. எப்போது ஒலிப்பது, யாருக்காக ஒலிப்பது என்று அது முடிவு செய்தது. மின்மேளம் அந்த முடிவையே தேவையில்லாததாக்குகிறது. மறுப்பதற்கு ஆள் இருந்தால்தானே மறுப்பு?

போன வருஷம் செங்கம் பக்கத்துப் பெரியவரை மறுபடி பார்க்கப் போனேன். மலையில் இப்போது சம்மட்டிச் சத்தம் இல்லை. வெடி வைக்கிறார்கள், கிரஷர் ஓடுகிறது. ஜல்லிக்கு ஆண்கல் என்ன, பெண்கல் என்ன? விரிசல் இருந்தால் இன்னும் சுலபமாக உடையும். பெரியவர் திண்ணையில் உட்கார்ந்திருந்தார். நான் பேசியது அவருக்குக் கேட்கவில்லை. மகள்தான் அவர் காதருகே குனிந்து கத்தினார். வெடிச் சத்தமும் வயசும் சேர்ந்து காது போய்விட்டதாம்.

நெல்லையப்பர் கோயில் தூணைப் பற்றி மகள் மூலமாகவே சொன்னேன். ஒரே கல்லில் 48 தூண், தட்டினால் சுரம் வரும் என்றேன். அவர் நம்பாதவர்போலப் பார்த்தார். தன் விரலைக் காட்டி, எவ்வளவு தடிப்பு, எவ்வளவு உயரம் என்று சைகையில் கேட்டார். நான் கையால் காட்டினேன். கொஞ்சநேரம் கணக்குப் போடுகிற மாதிரி இருந்துவிட்டு, "எத்தினி ஆளு செஞ்சாங்களாம்?" என்றார்.

என்னிடம் பதில் இல்லை. அந்தக் கோயிலைப் பற்றி நான் படித்த எதிலும் அந்தக் கேள்வி இல்லை. நண்பர்கள் கோயில் வரலாறு எழுதப் போகும்போது, ஊர் வரலாறு சேகரிக்கப் போகும்போது, அரசன் பெயரைக் குறித்துக்கொண்ட பிறகாவது இந்தக் கேள்வியைக் கேட்டுப் பாருங்கள். கல்லுடைக்கிற இடத்திலும் தோல் பதப்படுத்துகிற இடத்திலும் காதால் தெரிந்துவைத்திருக்கிற கடைசித் தலைமுறை இப்போது திண்ணையில் உட்கார்ந்திருக்கிறது. அவர்களில் பலருக்கு இன்னும் காது கேட்கிறது. பேசவும் செய்வார்கள். போய் உட்கார்ந்து எழுதிக்கொள்ள ஆள்தான் வேண்டும்.